டீச்சர் நடந்த மண்

மார்ச் 4

அக்கா,

ஆமாம், நர்ஸம்மா காதில் விழும்படிதான் சொன்னேன். தனியாகக் கூப்பிட்டுச் சொல்லியிருந்தால் நீ "சரி, சரி" என்று தலையாட்டிவிட்டு அந்தக் கிழட்டு வான்கோழிகளைக் கூடையில் அடைத்து அவர் கையில் கொடுத்திருப்பாய். உன்னை எனக்குத் தெரியும்.

நீ போனை எடுப்பதில்லை. அம்மா போனில் கூப்பிட்டாலும் நீயே எடுத்து, நீயே வைத்துவிடுகிறாய். அதனால் கடிதம். இதைக் கிழிக்கலாம். ஆனால் நான் பேசும்போது நடுவில் வெட்ட முடியாது.

நடந்தது இது. நான் ஒரு பெட்டையைத் தூக்கினேன். ஆய்வகத்தில் வேலை செய்பவளின் கைப்பழக்கம், வேறொன்றுமில்லை. இறகுதான் இருந்தது. உள்ளே ஆள் இல்லை. மார்பெலும்பு கத்தி விளிம்பு மாதிரி விரலில் பட்டது, இரண்டு பக்கமும் சதை வற்றியிருந்தது. தலையின் சிவப்பு சோகை பிடித்து வெளுத்திருந்தது. பக்கத்தில் இன்னொன்று நொண்டியது.

"தீவனம் எடுக்குதா?" என்று கேட்டேன்.

"நல்லாத்தான் தின்னுது. உடம்புலதான் ஒட்ட மாட்டேங்குது" என்றாய்.

அந்த ஒரு வாக்கியம். நன்றாகத் தின்கிறது, கரைந்துகொண்டே போகிறது, வயது ஒன்றைத் தாண்டிவிட்டது. செத்த பறவைகளின் துண்டுகளைக் கண்ணாடியில் வைத்துப் பார்த்துப் பிழைப்பவள் நான். வாய் தானாகத் திறந்துவிட்டது. "அக்கா, இது டி.பி."

நர்ஸம்மா கூடையைக் கீழே வைத்தார். வேலையில் இருந்த காலத்தில் பாதியைக் காசநோய் வார்டில் கழித்தவர். அந்த இரண்டு எழுத்து போதும் அவருக்கு. அப்படியே திரும்பிப் போய்விட்டார். ஓய்வு பெற்றபின் வீட்டுக்குப் பின்னால் இருக்கும் நிலத்தில் வான்கோழி வளர்க்க ஆசைப்படுகிறார். அந்த நிலத்தில் இதுவரை ஒரு கோழிகூட நடந்ததில்லை. அதில் இந்தக் கிருமி ஒரு தடவை விழுந்தால் வருஷக்கணக்கில் உயிரோடு கிடக்கும். நான் காப்பாற்றியது அந்த மண்ணை. உன் வியாபாரத்தைக் கெடுக்க நான் ஐந்து மணி நேரம் பஸ்ஸில் வரவில்லை.

நீ என்னை உட்காரச் சொல்லவில்லை. நானே உட்கார்ந்தேன். டீச்சர் மட்டும் பழையபடி என் மடியில் ஏறி உட்கார்ந்தாள். உன் வான்கோழி முட்டைகளில் பாதியை அடைகாத்து, பொரித்து, அந்த மக்குக் குஞ்சுகளுக்குத் தின்னவும் கற்றுக்கொடுத்த கிழட்டு நாட்டுக்கோழி. வந்தவளை எப்படி வரவேற்பது என்று அவளுக்குத் தெரிந்திருக்கிறது.

சின்னவள்


மார்ச் 11

ஆய்வகத்து மகாராணி அவர்களுக்கு,

கடிதம் வந்துச்சு. கிழிக்கலை. அடுப்பு பத்தவைக்க ஆகும்னு வெச்சிருக்கேன்.

வருஷத்துக்கு ஒரு தடவை வர்றே. வந்ததும் செருப்பைக்கூடக் கழட்டாம நேரா கொட்டகைக்குள்ள போறே. ஒண்ணைத் தூக்கறே, தீர்ப்பு சொல்றே. தூக்கிப் பார்த்தே நோயைச் சொல்றவளுக்கு ஆய்வகம் எதுக்குடி? மரத்தடியில பாய் விரிச்சு உட்கார்ந்து குறி சொல்லேன். கூட்டம் அலைமோதும்.

உடம்புல ஒட்டலைன்னு ஒரு வார்த்தை சொன்னேனாம். எனக்குக்கூடத்தான் ஒட்டலை. எனக்கும் டி.பி.யா? அது குடல்புழுடி. எல்லாத்துக்கும் புழு மருந்து கொடுத்தாச்சு. கால் நொண்டறது வயசு. வயசானா நீயும் நொண்டுவே, அப்ப வந்து தூக்கிப் பார்க்கறேன்.

ஊர்ல இப்ப நம்ம பண்ணைக்கு என்ன பேரு தெரியுமா? டி.பி. பண்ணை. தீவனக் கடைக்காரர் முன்னெல்லாம் மூட்டையை இறக்கிட்டு உள்ள வந்து உட்கார்ந்து தண்ணி வாங்கிக் குடிப்பார். இப்ப வாசல்லயே இறக்கிட்டுக் கையைச் சட்டையில துடைச்சுக்கிட்டுப் போறார். அவர் துடைக்கிறதைப் பார்க்கும்போதெல்லாம் உன் மூஞ்சிதான் எனக்குத் தெரியுது.

நீ படிச்சதே இந்த வான்கோழிங்களை வித்துத்தான். அதுங்களுக்கு வாய் இருந்தா உன்னைக் கேட்டிருக்கும்.

நம்ம சேவல் வான்கோழி மேனேஜர் நல்லாத்தான் இருக்கான். நெஞ்சைத் தூக்கிக்கிட்டு, கையைப் பின்னால கட்டின மாதிரி நடந்து, பார்க்கறது எல்லாத்தையும் குறை சொல்லிக் கத்தறான். நீ வந்துட்டுப் போனதுல இருந்து அவனைப் பார்த்தா உன் ஞாபகம்தான் வருது.

அம்மா உன்னைக் கேட்டா. போன் கெட்டுப்போச்சுன்னு சொல்லியிருக்கேன். என் வாய்தான் கெட்டுப்போச்சுன்னு அவளுக்கே தெரியும்.

நர்ஸம்மாவை நான் பார்த்துக்கறேன். நீ உன் கண்ணாடியைப் பாரு.

அக்கா


மார்ச் 17

அக்கா,

புழு மருந்து கொடுத்தாய். புழுவாக இருந்தால் இதற்குள் கொஞ்சமாவது தேறியிருக்க வேண்டும். தேறியதா? நீ எழுதவில்லை. தேறியிருந்தால் முதல் வரியிலேயே எழுதியிருப்பாய், கொட்டை எழுத்தில்.

உன் கேள்விக்குப் பதில்: உனக்கு டி.பி. இல்லை. வாய்க்கொழுப்பு. அது குடும்பத்தில் வருவது, எனக்கும் இருக்கிறது.

கேள். இது மெதுவாக வரும் நோய். அதனால்தான் உனக்குத் தெரியவில்லை. நீ இளம் பறவைகளை விற்றுவிடுகிறாய். நோய் வெளியே தலைகாட்டும் முன்பே அவை போய்விடுகின்றன. முட்டைக்காக வைத்திருக்கும் கிழடுகள்தான் மிஞ்சுகின்றன. அவை தின்றுகொண்டே மெலிகின்றன, எச்சத்தில் கிருமியைப் போடுகின்றன. எச்சம் மண்ணில் விழுகிறது. அதே மண்ணில் நீ புதுக் குஞ்சுகளை இறக்குகிறாய். அவை கொத்துகின்றன. வருஷா வருஷம் இதுதான் நடக்கிறது. "நல்லா முட்டை போடுது, எதுக்கு விக்கணும்" என்று நீ ஒவ்வொன்றையும் மூன்று வருஷம் வைத்துக்கொள்கிறாயே, அதுதான் வாசல். இரண்டு கொட்டகையிலும் எல்லா வயதுப் பறவைகளும் கலந்தே கிடக்கின்றன. நான் பள்ளிக்கூடம் போன காலத்தில் இருந்தே அப்படித்தான்.

முட்டை வழியாகக் குஞ்சுக்குப் போவது மிக மிக அபூர்வம். எச்சமும் மண்ணும்தான் வழி. இதற்கு மருந்து கிடையாது. யாராவது மருந்து விற்க வந்தால் விரட்டு.

நம்மைப் போன்ற ஆரோக்கியமான ஆட்களுக்கு இந்த வகை வருவது அபூர்வம். ஆனாலும் கொட்டகையைக் கூட்டும்போது மூக்கையும் வாயையும் கட்டிக்கொள். அம்மாவை உள்ளே விடாதே.

அடுத்து ஒன்று செத்தால் அதைப் பன்றிப் பண்ணைக்காரருக்குக் கொடுக்காதே. பன்றிகளுக்கும் தொற்றும். அறுத்துப் பார். நீயே பார். என்னை நம்ப வேண்டாம்.

என் செருப்பைப் பற்றி நீ எழுதியது சரி. அதைக் கழற்றியிருக்க வேண்டும். மற்றது எதுவும் சரியில்லை.

சின்னவள்


மார்ச் 26

குறி சொல்றவளுக்கு,

உன் வாய் முகூர்த்தம், நொண்டி செத்துப்போச்சு.

அறுத்தேன். ஈரல் முழுக்க மஞ்சளாப் புள்ளி. போதுமா? இதுக்குப் பேரு கருந்தலை நோய். இந்தக் கையால எத்தனை கருந்தலை பார்த்திருக்கேன். வான்கோழி வளர்க்கறவளுக்கு அது தெரியாதா? அதுக்கு வழி இருக்கு, பண்ணிட்டேன். டி.பி.யாம் டி.பி. உன்னால ஒரு பண்ணைக்கே பேர் போச்சு.

ஆனா ஒண்ணு. உன் பேச்சைக் கேட்டேன்னு நெனைச்சுக்காதே. நர்ஸம்மாவை வழியில பார்த்தேன். மூஞ்சியைத் திருப்பிக்கிட்டாங்க. பின்னாலயே போய்ப் பேசினேன். "கிழட்டுப் பறவை எதுவும் வேண்டாம். முட்டை தர்றேன், நீங்களே பொரிச்சு வளருங்க. முட்டையில எதுவும் வராதுன்னு எங்க வீட்டுப் படிப்பாளியே எழுதிக் கொடுத்திருக்கா"ன்னேன். உன் கடிதத்தைக் காட்டினேன். வாய்க்கொழுப்பு வரியை மட்டும் மடிச்சுட்டுக் காட்டினேன். அவங்க கண்ணாடி போட்டுக்கிட்டு ரெண்டு தடவை படிச்சாங்க. அப்புறம்தான் சிரிச்சாங்க.

இளம் பெட்டைங்க போட்ட முட்டையாப் பார்த்துப் பொறுக்கி, துடைச்சு, பதமா எடுத்துக்கிட்டுப் போனேன். அடைக்கு வேண்டிய ஏற்பாடும் பண்ணிக் கொடுத்துட்டேன். வாங்க வந்தவங்க ஏமாந்து போகலை. உனக்கு நெஞ்சு ஆறியிருக்கும். எனக்கு ஆறலை.

அக்கா


ஏப்ரல் 1

அக்கா,

ஈரலில் இருந்த புள்ளி குழியா, மேடா?

இதை மட்டும் எழுது. கருந்தலையில் வட்டமாகப் பதிந்து நடுவில் குழிந்திருக்கும். குடலின் கடைசியில் இருக்கும் இரட்டைப் பை வீங்கிக் கெட்டியாகியிருக்கும். அதைத் திறந்து பார்த்தாயா? டி.பி. முடிச்சு மேடாக எழும்பும். கடுகு அளவிலும் இருக்கும், பட்டாணி அளவிலும் இருக்கும். நகத்தால் நெம்பினால் விதை மாதிரி கழன்று வரும். மண்ணீரலிலும் குடல் சுவரிலும் இருக்கும்.

அடுத்ததில் தொடை எலும்பைப் பிள. கருந்தலை எலும்புக்குள் போகாது.

இத்துடன் அனுப்பும் பெட்டியில் இரண்டு பாட்டில்கள். ஒன்றில் ஈரலும் மண்ணீரலும் ஒரு துண்டு எலும்பும் போட்டு எனக்கு அனுப்பு. இன்னொன்று காலி, உடைந்தால் மாற்றிக்கொள்ள. கையுறை போட்டுக்கொள். உன் கோபத்தையும் சேர்த்து அடைத்து அனுப்பு, இடம் இருக்கிறது.

நர்ஸம்மாவுக்கு முட்டை கொடுத்தது சரி. ரொம்பச் சரி. கேட்கவில்லை என்று சொல்லிக்கொண்டே கேட்டிருக்கிறாய்.

சின்னவள்


ஏப்ரல் 9

சின்னவளுக்கு,

இன்னொண்ணு போச்சு. வலது கொட்டகையில.

மேடு.

பாட்டில் அனுப்பியிருக்கேன். தப்புன்னு வரட்டும். வந்தா நீ இங்க வந்து, தீவனக் கடை வாசல்ல நின்னு, நர்ஸம்மா முன்னாடி, அன்னைக்குச் சொன்னியே அதைவிடச் சத்தமா மன்னிப்பு கேட்கணும். லீவு போட்டுட்டு வா.

எலும்பைப் பிளந்தேன். உள்ள இருந்ததை நான் எழுத மாட்டேன்.

அக்கா


ஏப்ரல் 15

அக்கா,

சிவப்பு.

சாயம் ஏற்றினால் மற்றதெல்லாம் நீலமாகத் தெரியும். இந்தக் கிருமி மட்டும் சிவப்பை விடாது. நீல வயலில் சிவப்புக் குச்சிகள், பொறுக்கிக் கொட்டியது மாதிரி. நான் பார்த்தேன். பக்கத்து மேசைக்காரியைப் பார்க்கச் சொன்னேன். ஆய்வகத்துப் பெரியவரைப் பார்க்கச் சொன்னேன். யாராவது ஒருவர் இல்லை என்று சொல்வார்களா என்றுதான். ஒருவரும் சொல்லவில்லை. பறவைக் காசநோய்தான். கிருமியை வளர்த்து உறுதி செய்ய வாரங்கள் ஆகும். அதுவரை காத்திருக்காதே.

எனக்குச் சந்தோஷம் என்று நினைப்பாய். நினைத்துக்கொள்.

எல்லாப் பறவைகளையும் அழிக்க வேண்டும். மெலிந்ததை மட்டும் எடுத்துவிட்டு மீதியை வைத்துக்கொள்ள முடியாது. பார்வைக்கு நன்றாக இருப்பதும் கிருமியைப் போட்டுக்கொண்டிருக்கும். ஒன்று விடாமல். மேனேஜரும். அவனைப் பற்றி என்னிடம் கெஞ்சி எழுதாதே, நான் படிக்க மாட்டேன்.

உங்கள் கால்நடை டாக்டருக்கு நானே தகவல் சொல்லிவிட்டேன். உன்னைக் கேட்காமல். ஆமாம், மறுபடியும்.

பிறகு கொட்டகை. கூளத்தை முழுக்க அள்ள வேண்டும். அதை உரம் என்று யாருக்கும் கொடுக்காதே. மேல் மண்ணைச் சுரண்டி எடுத்து ஆழமாகப் புதைக்க வேண்டும். தொட்டி, தண்ணீர்க் குவளை, மண்வெட்டி எல்லாவற்றையும் தேய்த்துக் கழுவிய பிறகுதான் கிருமிநாசினி ஊற்ற வேண்டும். கழுவாமல் ஊற்றினால் எச்சத்துக்கு வாசனை போட்டதாகத்தான் ஆகும். அந்த இடத்தைப் பல வருஷம் அப்படியே விட்டுவிடு. திரும்ப வளர்க்க வேண்டுமென்றால் கிணற்றுக்கு அந்தப் பக்கம். சிமெண்ட் தரை, சிட்டுக்குருவி நுழையாத வலை, ஒரே வயதுப் பறவைகள். ஒன்றாக வரட்டும், ஒன்றாகப் போகட்டும். கிழடு என்று ஒன்றும் தங்கக் கூடாது.

நான் வரட்டுமா என்று கேட்க எழுதத் தொடங்கினேன். நீ வேண்டாம் என்பாய். கேட்கவில்லை.

சின்னவள்


மே 20

சின்னவளுக்கு,

முடிஞ்சுது.

ஒரு மாசமா ஏன் எழுதலைன்னு கேட்காதே. எழுதியிருந்தா அம்மா வாயில இதுவரைக்கும் நீ கேட்காத வார்த்தையெல்லாம் எழுதியிருப்பேன்.

டாக்டர் ஆளுங்களோட வந்தார். எல்லாரும் வெள்ளை உடுப்பு, முகமூடி. தெருவே வேடிக்கை பார்த்துச்சு. நீ கண்ணாடி வழியா சிவப்புக் குச்சி பார்த்தே. நான் ஒவ்வொண்ணா காலைப் பிடிச்சு எடுத்துக் கொடுத்தேன். அதுங்க என் கைன்னு நம்பி வந்துச்சுங்க. வேற யார் கூப்பிட்டாலும் ஓடுச்சுங்க. அதை உன் புத்தகத்துல எழுதியிருக்கா?

மேனேஜர் கடைசி. கையைப் பின்னால கட்டிக்கிட்டு, குறை சொல்லிக்கிட்டேதான் போனான்.

மண்ணைச் சுரண்டியாச்சு. முதுகு போச்சு. காலையில எழுந்ததும் கை தானா தீவன வாளியைத் தூக்குது, அப்புறம் கீழே வைக்குது. அம்மா ஜன்னல்ல இருந்து பார்த்துட்டுத் திரும்பிக்கறா. சத்தமே இல்லாத வீடு எப்படி இருக்கும்னு எனக்கு இப்பத்தான் தெரியும். நீ அந்த மாதிரி வீட்டுலதானே இருக்கே? எப்படிடி இருக்கே?

ஒரே ஆறுதல் நர்ஸம்மா வீடு. முட்டை எல்லாம் பொரிஞ்சு, குஞ்சுங்க நல்லா தளதளன்னு இருக்கு. டீச்சர்தான் அங்க பாடம் எடுக்கறா. மார்ச்லயே முட்டையோட அவளையும் அடைக்கு இரவல் கொடுத்துட்டேன். இல்லேன்னா அந்த அம்மா மிஷினுக்கு எங்க போவாங்க? மிஷின்ல பொரிஞ்ச குஞ்சு தானியத்து மேலயே நின்னுக்கிட்டுப் பட்டினி கிடக்கும், உனக்குத் தெரியுமே. டீச்சர் கொத்திக் கொத்திக் காட்டறா, எல்லாம் கத்துக்கிச்சுங்க. "உங்க டீச்சர் எங்க வார்டு சிஸ்டர் மாதிரிம்மா, ஒருத்தரையும் சாப்பிடாம விட மாட்டேங்கறா"ன்னு நர்ஸம்மா சிரிக்கிறாங்க. தினமும் சாயந்திரம் போய் வேலி ஓரமா நின்னு பார்த்துட்டு வர்றேன்.

என்கிட்ட மிஞ்சினது அது ஒண்ணுதான். அதையாவது எதுவும் சொல்லாம விடு.

அக்கா


மே 25

அக்கா,

விட முடியாது.

எல்லாப் பறவைகளும் என்று எழுதினேன். ஒன்று விடாமல் என்று எழுதினேன். டீச்சர் என்ன, பசுமாடா?

வான்கோழிக்கு இந்த நோய் பெரும்பாலும் கோழியிடமிருந்துதான் வரும். வயதான நாட்டுக்கோழி. கொழுகொழு என்று இருக்கும், அடைக்கு உட்காரும், தின்னும், கூப்பிட்டால் வரும். உள்ளே வைத்துக்கொண்டு மெதுவாகப் போட்டுக்கொண்டிருக்கும், வருஷக்கணக்கில். வலது கொட்டகையில் இருந்ததெல்லாம் டீச்சர் பொரித்தவை. இடது கொட்டகை மிஷினில் பொரித்தவை. செத்தது எல்லாம் எந்தப் பக்கம்? உன் கடிதத்திலேயே இருக்கிறது. நான் அன்று தூக்கியதும் வலது பக்கம்தான்.

நீ எழுதுவதற்கு முன் நானே எழுதிவிடுகிறேன்: அன்று அவள் என் மடியில் உட்கார்ந்திருந்தாள். கனமாக இருந்தாள். ஊரில் உள்ள எல்லா மார்பெலும்பையும் தடவிப் பார்த்தவள், அவளைத் தடவிக் கொடுத்தேன், அவ்வளவுதான். திட்டு. ஆனால் முதலில் இதைச் செய்.

டாக்டருக்கு ஐஸ் பெட்டியில் சோதனை மருந்து அனுப்பியிருக்கிறேன். கோழியின் அலகுக்குக் கீழே தொங்கும் தாடியில் ஒரு பக்கம் மட்டும் மிகச் சிறிய ஊசி. இரண்டு நாள் கழித்து இரண்டு பக்கத்தையும் ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். ஊசி போட்ட பக்கம் வீங்கியிருந்தால், இருக்கிறது. வீங்காவிட்டால் என்னை என்ன வேண்டுமானாலும் சொல். வான்கோழியில் இந்தச் சோதனையை நம்ப முடியாது. கோழியில் நம்பலாம்.

வீங்கினால், அவளோடு சுற்றிய குஞ்சுகளும் போக வேண்டும். நர்ஸம்மாவின் அந்த மண்ணும்.

அதை அவரிடம் நீதான் சொல்ல வேண்டும். நான் போன் செய்து சொல்ல முடியும். அவர் எண் என்னிடம் இருக்கிறது. கையில் எடுத்து வைத்துக்கொண்டுதான் இதை எழுதுகிறேன். ஆனால் இந்தத் தடவை நான் யார் முன்னாலும் சொல்லப்போவதில்லை.

சின்னவள்


ஜூன் 4

சின்னவளுக்கு,

உன் கடிதத்தைப் படிச்சுட்டு முதல்ல சுவத்துல ஓங்கி ஒரு உதை விட்டேன். கால் வீங்கிடுச்சு. அதனால நொண்டி நொண்டித்தான் டாக்டரோட நர்ஸம்மா வீட்டுக்குப் போனேன். எனக்கும் டி.பி.ன்னு எழுதிக்கோ.

எல்லாப் பறவையும்னு எழுதினேன்னு சொல்றே. எழுதினே. பதினஞ்சு தடவை படிச்சேன். டீச்சரை நான் பறவைன்னு நெனைச்சதே இல்லைடி. அவ என் ஆளு. பண்ணையில சம்பளம் கேட்காம வேலை பார்த்த ஒரே ஆளு. டாக்டர் வந்து "வேற ஏதாவது இருக்கா"ன்னு கேட்டப்பகூட, மனசார "இல்லை"ன்னுதான் சொன்னேன். பொய்யின்னு எனக்கே தெரியலை. நீயும் அவளை மடியில வெச்சுக்கிட்டுத்தானே எனக்குப் பாடம் எடுத்தே? திட்டச் சொன்னியே, திட்டிட்டேன். இன்னும் மிச்சம் இருக்கு.

நர்ஸம்மா வாசல்ல குஞ்சுங்களுக்குத் தண்ணி வெச்சுக்கிட்டிருந்தாங்க. சொன்னேன். உட்காரச் சொன்னாங்க, நான் உட்காரலை.

அவங்க அழுவாங்கன்னு நெனைச்சேன், இல்லேன்னா கத்துவாங்கன்னு. டாக்டர் பெட்டியைத் திறந்ததும் "என்கிட்ட கொடுங்க"ன்னு வாங்கிக்கிட்டாங்க. "கையில போட்டுப் பழக்கம். தாடியில போட்டதில்லை. ஆனா உங்க கை மாதிரி என் கை நடுங்காது." நான் டீச்சரைப் பிடிச்சுக்கிட்டேன். ஒரு சொட்டுத்தான். டீச்சர் ஒரு தடவை தலையை உதறினா, இறங்கினா, நேரா குஞ்சுங்ககிட்டப் போய்க் கொத்திக் காட்ட ஆரம்பிச்சுட்டா.

ரெண்டு நாள் அந்தப் பக்கமே போகலை. மூணாம் நாள் காலையில போனேன். கிட்டப் போய்ப் பார்க்கவே வேண்டியிருக்கலை. பல் வலி வந்த ஆள் மாதிரி ஒரு பக்கத் தாடி வீங்கித் தொங்க நின்னா. அந்த மூஞ்சியோட குஞ்சுங்களைக் கூப்பிட்டுக்கிட்டிருந்தா. நர்ஸம்மா வந்து கட்டைவிரலால ரெண்டு பக்கமும் அழுத்திப் பார்த்தாங்க. அவசரமே படலை. வார்டுல எப்படிப் பார்த்திருப்பாங்கன்னு தெரிஞ்சுது.

"இருக்கு"ன்னாங்க.

அப்புறம் கையைக் கழுவினாங்க. ரொம்ப நேரம் கழுவினாங்க.

"குஞ்சுங்க?"

"எல்லாம்"னேன்.

"மண்ணு?"

அதுவும்தான்னு தலையை ஆட்டினேன்.

"உன் தங்கச்சி அன்னைக்கு ஊருக்கே கேக்கற மாதிரி சொன்னா. எவ்வளவு கோபம் வந்துச்சு தெரியுமா எனக்கு, இப்படியா பேசறதுன்னு. நீ எவ்வளவு பாசமா இந்தக் கோழியைக் கொண்டுவந்து விட்டே! நான் அதுக்குப் பழைய துணி எல்லாம் போட்டுப் படுக்கை பண்ணினேன்." வாசலைக் காட்டினாங்க. "போயிடு. இப்பப் போயிடு. நான் ஏதாவது சொல்லிடுவேன்."

வந்துட்டேன். டீச்சரைத் தூக்கிக்கிட்டு வந்துட்டேன்.

டாக்டர் பண்றேன்னார். வேண்டாம்னு நானே பண்ணினேன். அவளும் என் கைன்னு நம்பித்தான் வந்தா. திறந்து பார்த்தேன். ஈரல்ல இருந்ததை நான் எழுத மாட்டேன். மார்ச்ல இருந்து உனக்கு எழுத மாட்டேன்னு சொன்னது ரெண்டாச்சு.

குஞ்சுங்களை நேத்து டாக்டர் ஆளுங்க எடுத்துக்கிட்டுப் போனாங்க. நர்ஸம்மா கதவைச் சாத்திக்கிட்டாங்க. ஜன்னலும் சாத்தியிருந்துச்சு.

நீ வர்றதுன்னா வா. லீவு கிடைக்கலைன்னா வராதே. அம்மாகிட்ட போன் சரியாயிடுச்சுன்னு சொல்லிட்டேன். வாசல்ல ரெண்டு ஜோடி பூட்ஸ் வெச்சிருக்கேன், பக்கத்துல மருந்துத் தொட்டி. சின்னது உன்னோடது. உன் செருப்பு அதைத் தாண்டி ஒரு அடி உள்ள வந்தா அடுப்புலதான் போடுவேன், இது பயமுறுத்தறதுக்குச் சொல்லலை. நீ மன்னிப்பு கேட்க வேண்டாம். தீவனக் கடை வாசல்ல நானே நின்னு சொல்லிட்டேன், நோய்தான்னு. அவர் கையைத் துடைச்சுக்கிட்டார். துடைக்கட்டும், துடைக்கறது நல்லதுதான்னேன்.

கோபம் போகலை. உன் மேலயும் போகலை.

இன்னைக்குக் காலையில நடந்ததை எழுதிட்டு நிறுத்தறேன். தண்ணி ஊத்திக் குளிச்சேன், மூக்கையும் வாயையும் கட்டிக்கிட்டேன், மண்வெட்டியையும் கூடையையும் எடுத்துக்கிட்டு நர்ஸம்மா வீட்டுப் பின்பக்கம் போனேன். கதவு திறக்கலை. வேலி ஓரத்துல இருந்து சுரண்ட ஆரம்பிச்சேன்.

அக்கா